மலாக்காவுக்குக் கடலோரமாகப் போன தட்டுகள்

பவுனம்மாளுக்கு யாரையும் மெச்சிப் பழக்கமில்லை. கிள்ளானில் அவள் குடியிருந்த அடுக்குமாடியில் லிப்டு வேலை செய்வதே அபூர்வம். அப்படி வேலை செய்கிற அன்றைக்கும், "இன்னிக்கு எந்த மந்திரி வர்றாரு?" என்றுதான் கேட்பாள். கோயில் திருவிழாவில் தலைவர் மைக்கைப் பிடித்தால் விடமாட்டார். "அம்மன் எந்திரிச்சுப் போகாம ஒக்காந்திருக்கிறதே நமக்குச் செஞ்ச பெரிய அருள்" என்பாள், பக்கத்து வரிசைக்கும் கேட்கும்படி. ரப்பர் கையுறைத் தொழிற்சாலையில் அவள் வேலை பார்த்த காலத்தில், புதிதாக வந்த மேனேஜர் ஒருவர் எல்லாரையும் நிற்கவைத்து, நாமெல்லாம் ஒரே குடும்பம் என்று உருகினார். "அப்ப சொத்துல பங்கு உண்டா சார்?" என்று கேட்டுவிட்டாள். அந்த ஆள் அதற்குப் பிறகு குடும்பத்தைப் பற்றிப் பேசவே இல்லை.

இந்த வாய் அவள் கூடப் பிறந்ததல்ல. மகன் வாசு மூன்றாம் வகுப்பு படிக்கும்போது புருஷன் மாரடைப்பில் போய்விட்டான். காரியம் முடிந்த மறுநாளிலிருந்து உறவுக்காரர்கள் அவளை நடத்திய விதம் மாறியது. யாரும் கெட்ட வார்த்தை சொல்லவில்லை. எல்லாரும் அன்பாகத்தான் ஒதுக்கினார்கள். "நீ எதுக்கும்மா முன்னால வந்து கஷ்டப்படற, பின்னால காத்தாட ஒக்காரு" என்பார்கள். புருஷனுடைய அண்ணன் கமலநாதன் தன் மகளுக்குக் கல்யாணம் செய்தபோது, முகூர்த்தம் முடிகிற வரைக்கும் அவளை மண்டபத்துக்குப் பின்னால் காய்கறிக் கொட்டகையில் உட்காரவைத்தார். அவளும் உட்கார்ந்து வெங்காயம் உரித்தாள். அன்றைக்கு அழுததற்கு வெங்காயம் காரணமில்லை. அதற்குப் பிறகுதான் அவளை உள்ளே விடாத இடத்துக்கெல்லாம் அவளுடைய வாய் முன்னால் போய் உட்கார ஆரம்பித்தது.

கமலநாதனைப் பற்றிச் சொல்லவேண்டும். நில அலுவலகத்தில் வேலை பார்த்து ஓய்வு பெற்றவர். பணக்காரர்கள் வாழும் பங்சாரில் ஒரு பழைய கொண்டோ அடுக்குமாடியில் மூன்றாவது மாடி வீடு. பேச்சைக் கேட்டால் பங்சாரே அவருடையது என்று தோன்றும். ஞாயிற்றுக்கிழமை மத்தியானமானால் பிரிக்பீல்ட்ஸில் ஒரு வாழையிலைக் கடையில் தன்னைப் போலவே ஓய்வு பெற்ற நாலு பேரோடு உட்கார்ந்து, ரசம் ஆறுவதற்குள் நாட்டைத் திருத்திவிடுவார். குடும்பத்தில் நல்லது கெட்டது எது நடந்தாலும் அவர்தான் தலைமை. யாரும் கேட்டுக்கொண்டதில்லை. ஆனாலும் அவர்தான் தலைமை.

வாசு இப்போது துறைமுகத்தில் கிரேன் ஓட்டுகிறான். அங்கேயே சரக்கு அலுவலகம் ஒன்றில் வேலை பார்க்கும் விஷ்ணுப்ரியாவை அவனுக்குப் பிடித்துப்போனது. அவளுக்கும் இவனைப் பிடித்துப்போனது. பெண்ணின் சொந்த ஊர் மலாக்கா. அப்பா நாகையா பொதுப்பணி இலாகாவில் மேற்பார்வையாளராக இருந்தவர். சாலை போட்ட மனிதர் என்றாலும், பஞ்சாங்கத்தைப் பார்க்காமல் அந்தச் சாலையில் கால் வைக்கமாட்டார். மூத்த மகளுக்கு நிச்சயம் செய்தபோது மாப்பிள்ளை வீட்டார் எமகண்டத்தில் தட்டைக் கொண்டு வந்தார்களாம். அந்தச் சம்பந்தம் ஒரு மாதத்தில் முறிந்ததாம். அதனால் இந்த முறை கண்டிப்பாகச் சொல்லியிருந்தார்: ஞாயிற்றுக்கிழமை பன்னிரண்டு மணிக்குள் தட்டு வாசலைத் தாண்ட வேண்டும். பன்னிரண்டு அடித்தால் எமகண்டம். அன்றைக்கு விட்டால் ஆடி பிறந்துவிடும். ஆடி முடிகிற வரைக்கும் எதுவும் பேச முடியாது. நாகையாவின் தங்கைக்கு ஒரு மகன் இருக்கிறான், அவளுக்கு விஷ்ணுப்ரியா மேல் ஒரு கண் இருக்கிறது, நாகையாவுக்குத் தங்கை சொல்லைத் தட்டத் தெரியாது. ஒரு மாதம் என்பது அந்த வீட்டில் நீண்ட காலம்.

நிச்சயத்துக்கு ஒரு வாரம் முன்னால் கமலநாதன் கிள்ளானுக்கு வந்து பவுனம்மாள் வீட்டு சோபாவில் உட்கார்ந்து போனை எடுத்தார்.

"பிரைவேட் சீனிக் டிரான்ஸ்பர்," என்று வாசித்தார். "கிள்ளான் டு மலாக்கா. கடலோர ரோட்டுலயே போறது. வழியில நல்ல நல்ல எடமாப் பாத்து நிறுத்துவாங்க. டிரைவர் இங்கிலீஷ்ல விளக்கம் சொல்லுவான். கப்பல்ல வந்து இறங்கற வெள்ளக்காரங்க எல்லாம் இதுலதான் போறாங்க, தெரியுமா?"

"வெள்ளக்காரன் நிச்சயம் பண்ணவா மாமா போறான்?" என்றாள் பவுனம்மாள். "ஹைவேல போனா ரெண்டு மணி நேரத்துல போயிறலாமே."

"கழுதைக்குத் தெரியுமா கற்பூர வாசனை. நாம மாப்பிள்ள வீட்டுக்காரங்க லா. ஒரு வேன்ல போய் இறங்கினா அந்த நாகையா அசந்து போகணும்."

ஊரான் வீட்டு நெய்யே, என் பொண்டாட்டி கையே என்பது போல, வண்டிக்கு வாசுவின் பேரிலேயே பதிவு செய்யச் சொன்னார். அவன் மறு பேச்சில்லாமல் செய்தான். பெரியப்பா என்றால் அவனுக்குச் சின்ன வயதிலிருந்தே வாய் வராது.

கமலநாதன் கிளம்பும்போதுதான் விஷயத்துக்கு வந்தார். செருப்பை மாட்டிக்கொண்டே, முகத்தைப் பார்க்காமல் சொன்னார்: "பவுனு, நீ தாராளமா வா. தட்ட மட்டும் உஷா மாத்திக்குவா. கூட லெட்சுமி இருக்கா. ஒன்னால ஒரு குத்தம் வந்திரக் கூடாதில்ல, ஒம் மவனுக்காகத்தான் சொல்றேன்."

உஷாராணி கமலநாதனின் மனைவி. லெட்சுமி அவர் தங்கை. இரண்டு பேருக்கும் புருஷன் உயிரோடு இருக்கிறான். தட்டைத் தூக்க அதுதான் தகுதி. பவுனம்மாளுக்கு நாக்கு நுனியில் பத்துப் பதில் இருந்தது. "சரிங்க மாமா" என்றாள்.

தட்டு எல்லாவற்றையும் அவளே செய்தாள். வெற்றிலை பாக்கு, தேங்காய், பழங்கள், பலகாரம், பட்டுப்புடவை, வளையல் என்று தனித்தனியாக அடுக்கிக் கண்ணாடித் தாள் சுற்றி ரிப்பன் கட்டினாள். ஞாயிற்றுக்கிழமை விடியலில் லிப்டு வழக்கம்போல் படுத்துவிட்டது. ஆறாவது மாடியிலிருந்து அவளும் வாசுவும் ஏறி இறங்கித் தட்டுகளை வேனுக்குக் கொண்டு சேர்த்தார்கள். வீட்டிலிருந்து வண்டி வரைக்கும் அவள் தூக்கினால் தோஷமில்லை. வண்டியிலிருந்து வீட்டுக்குள் தூக்கினால்தான் தோஷம். எந்த முனிவர் எழுதி வைத்த சாஸ்திரமோ, படியேறத் தெரியாத முனிவராக இருக்கவேண்டும்.

வேன் நன்றாகத்தான் இருந்தது. அதில் பவுனம்மாளால்கூடக் குறை சொல்ல முடியவில்லை என்பதால் அவளுக்கு இன்னும் எரிச்சல். டிரைவர் பெயர் லியனார்ட். பிரிக்பீல்ட்ஸ்காரர், ரயில்வேக் குடும்பம், மெத்தடிஸ்ட் சபை. அறுபதை எட்டிப் பிடிக்கிற வயது, வெள்ளைச் சட்டை. எல்லாருக்கும் சுருட்டிய ஈரத் துண்டு ஒன்றைக் கொடுத்தார். லெட்சுமி அதை எதற்கு என்று தெரியாமல் மடியில் விரித்துக்கொண்டாள். லெட்சுமியின் கணவர் முழங்கால் வலி என்று சொல்லிப் புத்திசாலித்தனமாக வீட்டிலேயே தங்கிவிட்டார்.

லியனார்ட் தமிழில்தான் ஆரம்பித்தார். கமலநாதன் கையை உயர்த்தினார்.

"இங்கிலீஷ் பிளீஸ். பேக்கேஜ்ல அப்படித்தான் போட்டிருக்கு."

அப்படியாக, ஆறு தமிழர்கள் இருந்த வண்டியில் ஒரு தமிழர் மற்ற ஐந்து பேருக்கும் ஆங்கிலத்தில், எண்ணெய் எடுக்கிற செம்பனைத் தோட்டத்தைக் காட்டிக்கொண்டு போனார். வலது பக்கம் செம்பனை. இடது பக்கம் செம்பனை. பந்திங் தாண்டியும் செம்பனை. உஷாராணி, "எவ்வளவு பச்சை!" என்றாள்.

"எங்கப்பா இதுக்குள்ளதான் ஆயுசு பூரா முள்ளு குத்திக்கிட்டுக் கெடந்தாரு," என்றாள் பின் சீட்டிலிருந்து பவுனம்மாள். "அப்ப ஒருத்தனும் இதப் பாக்க வேன் புடிச்சுக்கிட்டு வரல."

லியனார்ட் கண்ணாடியில் அவளைப் பார்த்துச் சிரிப்பை மென்றார்.

மோரிப்பில் முதல் நிறுத்தம். கடல் வற்றிப்போய், கண்ணுக்கு எட்டிய தூரம் சேறாகக் கிடந்தது. தண்ணீர் எங்கேயோ சுமத்ரா பக்கம் போய்விட்டது போல. உஷாராணி அந்தச் சேற்றை முதுகுக்குப் பின்னால் வைத்துப் படம் எடுத்துக்கொண்டாள். தஞ்சோங் செப்பாட்டில் இரண்டாவது நிறுத்தம். அங்கே காப்பி பேர்போனது என்று லியனார்ட் சொல்லித் தொலைத்துவிட்டார். கமலநாதன் காப்பி குடித்து, ஆவியில் வெந்த பாவ் தின்று, கடைக்காரச் சீனரிடம் காப்பிக்கொட்டை எப்படி வறுக்க வேண்டும் என்று பாடம் நடத்திவிட்டு வந்தார். நாற்பது வருஷமாக வறுக்கிற அந்த மனிதன் பொறுமையாகத் தலையாட்டினான்.

போர்ட்டிக்சனைத் தாண்டி வேன் நின்றபோது மணி பத்தைத் தாண்டியிருந்தது. அங்கே கடலுக்குள் நீட்டிக்கொண்டு ஒரு காட்டுக் குன்று இருக்கிறது, தஞ்சோங் துவான். மேலே ஒரு பழைய கலங்கரை விளக்கம். கீழே வண்டியை நிறுத்திவிட்டு ஏற்றத்தில் நடந்துதான் போகவேண்டும்.

"மாமா, நேரம்," என்றாள் பவுனம்மாள்.

கமலநாதன் சிரித்தார். இந்தச் சந்தர்ப்பத்துக்காகவே நில அலுவலகத்தில் காலம் தள்ளினவர் போல நிமிர்ந்து நின்றார்.

"ஒனக்கு ஒண்ணு தெரியுமா? சுத்தியும் நெகிரி செம்பிலான். ஆனா இந்த மலை மட்டும் மலாக்கா மாநிலத்தச் சேர்ந்தது. மேப்ப எடுத்துப் பாரு. சட்டப்படி பாத்தா நாம மலாக்கா வந்து சேர்ந்தாச்சு. எதுக்குப் பதர்றே?"

சொன்னது உண்மைதான். அதுதான் அந்த மனிதரின் சங்கடம். அவருக்குத் தெரிந்ததெல்லாம் உண்மை, ஒன்றும் உதவாது. நாகையா வீட்டு வாசல் அங்கிருந்து இன்னும் ஒரு மணி நேரத்துக்கு மேல். அண்ணன் போகிறார் என்று லெட்சுமியும், அவர் போகிறார் என்று உஷாராணியும், பட்டுப்புடவையைக் கணுக்கால் வரைக்கும் தூக்கிப் பிடித்துக்கொண்டு மலை ஏறினார்கள். உஷாராணி தலையில் இருந்த மல்லிகையைப் பார்த்துக் குரங்குகள் இரண்டு மரத்துக்கு மரம் தாவிப் பின்னாலேயே போயின.

பவுனம்மாள் வேனில் தட்டுகளோடு இருந்தாள். வாசு வெளியே நின்று நகத்தைக் கடித்துக்கொண்டிருந்தான். கால் மணி நேரம் போனது. இன்னொரு கால் மணி நேரம் போனது. ஒருவரையும் காணோம். அவள் கமலநாதனுக்குப் போன் செய்தாள். மூன்றாவது முறை எடுத்தார்.

"வியூ பிரமாதம் பவுனு! நீயும் வந்திருக்கலாம். இன்னும் கீழ ஒரு பீச் இருக்காம், பாத்துட்டு வந்திர்றோம்."

"மாமா, பன்னெண்டுக்குள்ள தட்டு போகணும்."

"காத்திருப்பான் லா. பொண்ணு வீட்டுக்காரன் தானே? நாம போறப்ப போவோம்." வைத்துவிட்டார்.

அடுத்த நிமிஷமே வாசுவின் போன் அடித்தது. பெண்ணின் அம்மா வீரம்மா. ஒலிபெருக்கியில் அவள் குரல் தாழ்ந்து வந்தது.

"தம்பி, எங்க இருக்கீங்க? அவரு வாசல்லயே நிக்கறாரு. அவரு தங்கச்சி தன் மவனக் கூட்டிக்கிட்டு வந்து ஹால்ல ஒக்காந்திருக்கா. அந்தப் பையன் புதுச் சட்டை போட்டிருக்கான் தம்பி. விஷ்ணு ரூம்ல கதவச் சாத்திக்கிட்டு அழுவுறா. சீக்கிரம் வாங்க."

வாசு போனைப் பையில் போடத் தெரியாமல் கையிலேயே வைத்துக்கொண்டு நின்றான். அவன் முகத்தைப் பார்த்ததும் பவுனம்மாளுக்குப் பயம் வந்துவிட்டது. ஊரையே எள்ளி நகையாடுகிறவளுக்கு உண்மையான பயம். இந்தப் பெண் கைவிட்டுப் போனால் இவன் வாய் திறந்து ஒன்றும் சொல்லமாட்டான். கிரேன் மேல் ஏறி உட்கார்ந்துகொண்டு ஆயுசுக்கும் கீழே இறங்கமாட்டான். தன்மேலேயே அவளுக்கு ஆத்திரமாக வந்தது. இவ்வளவு நீள வாய் இருந்து என்ன புண்ணியம்? லிப்டையும் மேனேஜரையும் நக்கல் பண்ணிய வாய், தட்டைத் தொடாதே என்றபோது "சரிங்க மாமா" என்றுதானே சொன்னது.

"லியனார்ட் அண்ணே," என்றாள். "வண்டிய எடுங்க."

லியனார்ட் திரும்பிப் பார்த்தார். "அக்கா, கெஸ்ட்ட பாதியில விட்டுட்டுப் போனா கம்பெனி என்னைத் தொங்க விட்டுரும்." கொஞ்சம் யோசித்தார். "புக்கிங் யார் பேருல இருக்கு?"

"என் பேருலதான் அங்கிள்," என்றான் வாசு.

"அப்ப நீங்கதான் கெஸ்ட்டு. அவங்க உங்க கூட வந்தவங்க. நீங்க சொல்லுங்க தம்பி, நான் எடுக்கறேன்."

வாசு மலையைப் பார்த்தான். அம்மாவைப் பார்த்தான். "பெரியப்பாவ விட்டுட்டு எப்படிம்மா?"

"அவர விட்டுட்டுப் போகல. அவருதான் மலாக்கா வந்து சேந்துட்டாரே. நாமதான் இன்னும் போகணும்." பிறகு குரலை இறக்கிச் சொன்னாள்: "வாசு, நான் சொல்லி நீ கேக்க வேணாம். நீ சொல்லு. அந்தப் பொண்ணு வேணுமா, ஒங்க பெரியப்பாவோட வியூ வேணுமா?"

அவன் முதலில் அவர்கள் மூன்று பேருக்கும், மலை இறங்கி வருகிற நேரம் பார்த்து, ஒரு கிரேப் வாடகைக் காரைப் பதிவு செய்தான். நல்ல பிள்ளை, அந்தக் கட்டத்திலும். பிறகு ஏறிக் கதவைச் சாத்தினான். "போலாம் அங்கிள்" என்றான். அவ்வளவு சத்தமாக அவன் பேசி அவள் கேட்டதில்லை.

லியனார்ட் ஓட்டினார். விளக்கம் ஒன்றும் சொல்லவில்லை. லிங்கி ஆறு வந்தது, போனது. பாலத்தின் மேலிருந்து பார்த்தால் ஆறு கடலில் சேருகிற இடம் அழகாகத் தெரியுமாம். வெள்ளைக்காரர்கள் நிறுத்தச் சொல்லுவார்களாம். அதைக்கூட லியனார்ட் தாண்டிய பிறகுதான், அதுவும் தமிழில் சொன்னார்.

மஸ்ஜிட் தானா பக்கம் போகும்போது கமலநாதன் கூப்பிட்டார். போன் இல்லாமலே கேட்டிருக்கும்.

"எங்க போயிட்டீங்க? வேன் எங்க? நாங்க மூணு பேரும் நடு ரோட்டுல நிக்கறோம்! குரங்கு உஷா தலையிலேருந்து பூவப் புடுங்கிருச்சு!"

"மாமா, பதறாதீங்க," என்றாள் பவுனம்மாள். "சட்டப்படி நீங்க மலாக்காவுல இருக்கீங்க. நாங்கதான் இன்னும் வந்து சேரல."

புக்கிட் பாருவில் நாகையா வீட்டு வாசலில் வேன் நின்றபோது பன்னிரண்டுக்குச் சில நிமிஷங்கள்தான் பாக்கி. ரோட்டோரம் கொட்டகை போட்டு நாற்காலிகள் போட்டிருந்தார்கள். பட்டு வேட்டி கட்டிய நாகையா, பேருந்தைத் தவறவிட்டவர் போலக் கைக்கடிகாரத்தைப் பார்த்துக்கொண்டு கேட்டருகே நின்றார். அவர் தங்கை பக்கத்திலேயே நின்றாள். புதுச் சட்டைக்காரப் பையன் ஹாலிலிருந்து எட்டிப் பார்த்தான். பாவம், அவனைச் சொல்லிக் குற்றமில்லை. வேறு யாரோ போட்டுவிட்ட சட்டை அது.

வேன் கதவு திறந்தது. வாசு இறங்கினான். பின்னால் பவுனம்மாள் இறங்கினாள், வெற்றிலைத் தட்டோடு. அவளுக்குப் பின்னால் லியனார்ட் இரண்டு கையிலும் இரண்டு தட்டோடு இறங்கினார். நாகையா வேனுக்குள் இன்னும் யாராவது இருக்கிறார்களா என்று பார்த்தார். ஒருவரும் இல்லை.

"மத்தவங்க எங்கம்மா?"

"வழியில கடலப் பாத்துக்கிட்டு இருக்காங்க. வந்திருவாங்க."

தங்கை அண்ணன் காதருகே குனிந்தாள். ஆனால் சொன்னது எல்லாருக்கும் கேட்டது. "அண்ணே, சுமங்கலி ஒருத்தரும் இல்ல. இவங்க கையால எப்படி தட்டு வாங்கறது?"

நாகையா முகத்தைப் பார்க்கவேண்டுமே. ஒரு பக்கம் கடிகாரத்தில் எமகண்டம் நெருங்குகிறது. இன்னொரு பக்கம் வாசலில் ஒரு கைம்பெண் தட்டோடு நிற்கிறாள். இரண்டுக்கும் பரிகாரம் தெரிந்தவர்தான், ஆனால் இரண்டும் ஒரே சமயத்தில் வந்தால் என்ன செய்வது என்று எந்தப் பஞ்சாங்கத்திலும் போடவில்லை. கடிகாரத்தைப் பார்த்தார். தட்டைப் பார்த்தார். மறுபடியும் கடிகாரத்தைப் பார்த்தார். கொட்டகையில் உட்கார்ந்திருந்த சொந்தக்காரர்கள் நாற்காலியை வாசல் பக்கம் திருப்பிப் போட்டுக்கொண்டார்கள்.

பவுனம்மாள் தட்டை இறுக்கிப் பிடித்தாள். தட்டின் கண்ணாடித் தாள் சலசலத்தது.

"ஐயா, எமன் என் வீட்டுக்கு ஒரு தடவ வந்துட்டுப் போயிட்டான். நல்ல நேரம் பாத்துத்தான் எனக்குத் தாலி கட்டினாங்க, அப்பவும் வந்தான். எனக்கு அவன்கிட்ட இதுக்கு மேல பயப்பட ஒண்ணுமில்ல. இவன வளத்த கை இது. இந்தத் தட்ட அடுக்கின கையும் இதுதான். வேணாம்னா சொல்லுங்க, கீழ வச்சுட்டுப் போயிர்றேன். ஆனா சீக்கிரம் சொல்லுங்க, ஒங்க கடிகாரம் நிக்காது."

நாகையா வாயைத் திறந்தார். அதற்குள் வீரம்மா வீட்டுக்குள்ளிருந்து வெறுங்காலோடு இறங்கி வந்தாள். இவ்வளவு நேரமும் புருஷன் பின்னாலேயே நின்று பழகியவள்.

"பயப்படறதுன்னா எதுக்காவது ஒண்ணுக்குப் பயப்படுங்க," என்றாள் புருஷனிடம். "ரெண்டுக்கும் பயந்துக்கிட்டு நின்னீங்கன்னா பொண்ணு வீட்டோட கெடப்பா." தட்டின் மறு பக்கத்தைப் பிடித்துக்கொண்டாள். "உள்ள வாங்க சம்மந்தி."

அப்படியே இரண்டு பேரும் தட்டைப் பிடித்துக்கொண்டு பக்கவாட்டாக நடந்து வாசலைத் தாண்டினார்கள். பின்னால் வாசு. அதற்கும் பின்னால் மெத்தடிஸ்ட் சபை லியனார்ட், தேங்காயும் புடவையும் ஏந்திக்கொண்டு. அவர் தூக்கலாமா என்று கேட்க யாருக்கும் நினைவு வரவில்லை. சுவரில் மணி அடிப்பதற்குள் தட்டு மாறிவிட்டது. விஷ்ணுப்ரியா வீங்கின கண்ணோடு வந்து விழுந்து கும்பிட்டாள். பவுனம்மாள் அவளைத் தூக்கி நெற்றியில் குங்குமம் வைத்தாள். பதினெட்டு வருஷமாக அவள் யார் நெற்றிக்கும் குங்குமம் வைத்ததில்லை. விரல் எங்கே வைப்பது என்று தெரியாதது போல ஒரு கணம் அந்தரத்தில் நின்றது. அவளுக்குச் சந்தோஷமாக இருந்தது. நக்கல் செய்ய ஒன்றுமே தோன்றவில்லை. அது அவளுக்கே புதிதாக இருந்தது.

கமலநாதன் குடும்பம் பன்னிரண்டரை வாக்கில் ஒரு குட்டிக் காரில் வந்து இறங்கியது. மூன்று பேரும் பின் சீட்டில் நெருக்கிக்கொண்டு வந்திருந்தார்கள். டிரைவர் முன் சீட்டில் குழந்தை நாற்காலியும் சலவைத் துணியும் வைத்திருந்தாராம். உஷாராணி புடவை நுனியில் சேறு. லெட்சுமி செருப்பைக் கையில் வைத்திருந்தாள். கமலநாதன் கேட்டைத் தள்ளிக்கொண்டு உள்ளே வந்தார்.

நாகையா ஓடி வந்து குறுக்கே நின்றார். பாதி பஞ்சாங்கத்தைத்தான் விட்டுக்கொடுத்திருந்தார்; மீதிப் பாதியைக் கெட்டியாகப் பிடித்துக்கொண்டிருந்தார்.

"மன்னிக்கணும் சார். இப்ப எமகண்டம். மாப்பிள்ள வீட்டுக்காரங்க இந்த நேரத்துல வாசலத் தாண்டக் கூடாது. ஒன்றரை வரைக்கும் கொட்டாயில காத்தாட ஒக்காருங்க."

"நான் யார் தெரியுமா? மாப்பிள்ளையோட பெரியப்பா!"

"தெரியும் சார். அதனாலதான் சொல்றேன். ஒங்களால ஒரு குத்தம் வந்திரக் கூடாதில்ல?"

கமலநாதன் மனைவியையும் தங்கையையும் கூட்டிக்கொண்டு கொட்டகையில் போய் உட்கார்ந்தார். கொட்டகைத் தகரம் வெயிலில் காய்ந்துகொண்டிருந்தது. உள்ளே பந்தி ஆரம்பித்துவிட்டது. சாம்பார் வாசனை வெளியே வந்தது, சாம்பார் வரவில்லை. லியனார்ட்கூட உள்ளே இலையில் உட்கார்ந்திருந்தார். அவர் மாப்பிள்ளை வீட்டுக்காரரில்லை, அதனால் எமகண்டம் அவரை ஒன்றும் செய்யாதாம்.

பவுனம்மாள் ஒரு தட்டத்தில் மூன்று கிளாஸ் பாண்டான் சர்பத் எடுத்துக்கொண்டு வெளியே வந்தாள். கமலநாதன் ரோட்டைப் பார்த்துத் திரும்பி உட்கார்ந்துகொண்டார். லெட்சுமி கிளாஸை வாங்கி ஒரே மூச்சில் குடித்துவிட்டு, அண்ணனுக்குத் தெரியாமல், "தட்டு நல்லபடியா மாறிச்சா அண்ணி?" என்று கேட்டாள். மாறிவிட்டது என்று பவுனம்மாள் தலையாட்டினாள்.

உஷாராணிக்குக் கண் கலங்கியிருந்தது. தலையில் பூ இல்லை. இரண்டு மூன்று ஊசிகள் மட்டும் துருத்திக்கொண்டிருந்தன.

"எல்லாரும் உள்ள சாப்பிடறாங்க. எங்கள மட்டும் வெளிய ஒக்கார வச்சிட்டாங்க. எவ்வளவு அவமானமா இருக்கு தெரியுமா பவுனு?"

பவுனம்மாள் கிளாஸை அவள் கையில் வைத்தாள்.

"மொத தடவதான்க்கா கஷ்டமா இருக்கும்," என்றாள். "அப்புறம் பழகிரும்."

அதை நக்கலாகச் சொல்லவில்லை. உஷாராணி நிமிர்ந்து அவள் முகத்தைப் பார்த்தாள். பிறகு பார்க்க முடியாமல் கிளாஸைப் பார்த்துக் குனிந்துகொண்டாள். உள்ளேயிருந்து வீரம்மா, சம்மந்திக்கு இலை போட்டாயிற்று என்று கூப்பிட்டாள். பவுனம்மாள் காலி கிளாஸை வாங்கிக்கொண்டு உள்ளே போனாள்.